கலாத்தியாவுக்குள் எந்த வாசல் வழியாகப் போவது?

கலாத்தியா என்பது இன்றைய துருக்கியின் நடுவில் இருந்த பழைய நாடு. அதைப் பற்றி என்னிடம் கேட்டு வருகிறவர்கள் மூன்று வகை. ஒருவர் சபையில் வேதபாடம் எடுப்பவர். அந்த ஊர்ச் சபைகளுக்குப் பவுல் எழுதிய, பைபிளில் உள்ள கலாத்தியர் நிருபம் (கடிதம்) தொடங்கும் முன் "இவர்கள் யார்?" என்று ஒரு பக்கம் குறித்துக்கொள்ள வேண்டும் அவருக்கு. இன்னொருவர் துருக்கிக்கு 'ஏழு சபைகள்' பயணம் போகிறவர். கையில் ஒரு நாள் மிச்சமிருக்கிறது, அதை எங்கே செலவழிப்பது என்று தெரியவில்லை. மூன்றாமவர், கெல்ட் மக்கள் என்றால் அயர்லாந்தும் பிரான்சும்தான் என்று நினைத்திருந்தவர். அவர்களில் ஒரு கூட்டம் துருக்கியின் நடுமேட்டில் போய்க் குடியேறியது என்று கேள்விப்பட்டதிலிருந்து அவருக்குத் தூக்கம் இல்லை.

ரொம்ப நாள் வரை மூவருக்கும் ஒரே பதிலைத்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்: ரோமானிய வரலாற்றாசிரியர் லிவியை எடுத்துப் படியுங்கள். வேதபாடக்காரர் படித்துவிட்டு வந்து, "அண்ணே, ஒரே வெட்டும் குத்துமா இருக்கு. பவுலுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?" என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை. கலாத்தியாவுக்கு வாசல்கள் பல. ஒவ்வொன்றும் வேறு வேறு அறையில் கொண்டுபோய் விடுகிறது. அதனால்தான் இந்த ஒப்பீடு.

## கதை, சுருக்கமாக

கி.மு. 280-279இல் பால்கன் பகுதியிலிருந்து கெல்ட் படைகள் தெற்கே இறங்கின. மாசிடோனிய மன்னன் தாலமி கெரௌனஸைக் கொன்றன. பிரென்னஸ் தலைமையில் ஒரு கூட்டம் கிரேக்கத்தின் டெல்ஃபி கோயில் வரை போனது. அதற்குள் லியொனோரியஸ், லுட்டாரியஸ் என்ற இரு தலைவர்கள் தனியே பிரிந்து கிழக்கே திரும்பிவிட்டார்கள். வடமேற்குத் துருக்கியில் இருந்த பித்தினியாவின் மன்னன் நிக்கோமேதிஸ் தன் தம்பியோடு ஆட்சிக்காக மோதிக்கொண்டிருந்தான். கூலிப்படை வேண்டும் என்று இவர்களைக் கி.மு. 278இல் கடல் கடத்தி ஆசியாவுக்குள் கொண்டுவந்தான். வந்தவர்கள் 20,000 பேர், அதில் ஆயுதம் தாங்கியவர்கள் 10,000க்கு மேல் இல்லை என்கிறார் லிவி. மீதிப் பாதி யார் என்று யோசித்துப் பாருங்கள்: பெண்கள், பிள்ளைகள், கிழவர்கள். சட்டிபானையோடு வந்திருக்கிறார்கள். கூலிக்கு வந்துவிட்டு ஊர் திரும்பும் எண்ணம் அவர்களுக்கு இருந்ததாகத் தெரியவில்லை.

வந்தவர்கள் மூன்று குலம். மேற்கே பெசினஸ், கோர்டியன் பக்கம் தொலிஸ்டோபோகியர். நடுவில் இன்றைய அங்காராவைச் சுற்றித் தெக்டோசாகியர். கிழக்கே தாவியம் பக்கம் த்ரோக்மியர். இதே தெக்டோசாகி என்ற பெயரில் தென் பிரான்சின் துலூஸ் பக்கமும் ஒரு கெல்ட் குலம் இருந்தது. முதல் இரண்டு தலைமுறை கொள்ளையும் கப்பமும் கூலிச்சண்டையுமாகப் போனது. மேற்குத் துருக்கியில் இருந்த பெர்கமம் நாட்டு மன்னன் முதலாம் அட்டாலஸ் கப்பம் கட்ட மறுத்து அவர்களைத் தோற்கடித்தான். கி.மு. 189இல் ரோம் வந்து அடித்தது. கி.மு. 86இல் கருங்கடல் கரையிலிருந்த பொந்து நாட்டு மன்னன் மித்ரிதாத்திஸ் அவர்களுடைய தலைவர்களைக் குடும்பத்தோடு கொன்றுபோட்டான். பிழைத்த சிலரில் ஒருவரான டியோட்டரஸ் ரோமின் நண்பராகி அரசரானார். அவருக்குப் பின் வந்த அமிந்தாஸ் கி.மு. 25இல் சாக, அகஸ்டஸ் அந்த நாட்டை ரோமானிய மாகாணமாக்கிவிட்டார்.

## எதை வைத்து எடை போடுவது

ஐந்து கேள்விகள் போதும். ஒன்று, யார் பேசுகிறார்கள்: கலாத்தியரா, அவர்களை வென்றவர்களா? இரண்டு, இந்த முந்நூறு வருடத்தில் எந்தப் பகுதி தெரிகிறது? மூன்று, சொல்வதைச் சரிபார்க்க வேறு சாட்சி உண்டா? நான்கு, உள்ளே நுழைய எவ்வளவு நேரமும் காசும் ஆகும்? ஐந்தாவதுதான் எனக்கு முக்கியம்: இந்த வாசலோடு நின்றுவிட்டால் மனதில் என்ன தப்பான படம் தங்கிப்போகும்? மறைமுகச் செலவு என்று நான் சொல்வது அதைத்தான்.

கலாத்தியர் தங்கள் மொழியில் ஒரு பக்கம்கூட எழுதிவைக்கவில்லை என்பதை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

## முதல் வாசல்: கிரேக்க, ரோமானிய எழுத்தாளர்கள்

நேரச் செலவு என்று பார்த்தால் இதுதான் மலிவு. லிவியின் 38ஆம் நூலில் ஒரு பகுதி, கிரேக்கப் புவியியலாளர் ஸ்ட்ராபோவின் 12ஆம் நூலில் இரண்டு மூன்று பக்கம், கிரேக்க எழுத்தாளர் புளூட்டார்க் சொல்லும் இரண்டு பெண்களின் கதை. ஒரு வாரக்கடைசி போதும். ஆங்கில மொழிபெயர்ப்புகள் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன.

ஸ்ட்ராபோவிடமிருந்து தொடங்குங்கள் என்பேன். அவர் சண்டையை விட்டுவிட்டு ஆட்சிமுறையைச் சொல்கிறார். மூன்று குலத்துக்கும் ஒரே மொழி. ஒவ்வொரு குலமும் நான்கு பங்கு. ஒவ்வொரு பங்குக்கும் ஒரு தலைவர், ஒரு நீதிபதி, ஒரு படைத்தலைவர், அவருக்குக் கீழே இரண்டு துணைத்தலைவர்கள். ஆக மொத்தம் 12 பங்குத் தலைவர்கள். இவர்களுக்கு ஆலோசனை சொல்ல 300 பேர் கொண்ட ஒரு மன்றம். அது கூடும் இடத்தின் பெயர் த்ருநெமெட்டன். 'நெமெட்டன்' என்பது பிரான்சிலும் பிரிட்டனிலும் கெல்ட் மக்கள் புனிதத் தோப்புக்கு வைத்திருந்த அதே சொல். அந்த மன்றம் கொலை வழக்கை மட்டும் விசாரிக்கும், மற்றதெல்லாம் பங்குத் தலைவர்களும் நீதிபதிகளும் பார்த்துக்கொள்வார்கள். காட்டுமிராண்டிகள் என்று பேரெடுத்த கூட்டம் கொலை வழக்குக்கென்று 300 பேர் மன்றம் வைத்திருந்திருக்கிறது. ஆனால் இதெல்லாம் பழைய காலத்து முறை என்பதை ஸ்ட்ராபோவே சொல்லிவிடுகிறார். தலைவர்கள் மூன்றாகி, இரண்டாகி, கடைசியில் ஒருவரானது அவர் காலத்துக் கதை.

அடுத்தது லிவி. கி.மு. 189இல் மன்லியஸ் வுல்சோ என்ற ரோமானியத் தளபதி கலாத்தியர் மேல் படையெடுத்ததை விரிவாக எழுதுகிறார். கலாத்தியர் முந்தின வருடம் சிரியாவை ஆண்ட மன்னன் மூன்றாம் அந்தியோக்கஸுக்குத் துணையாக ரோமோடு மோதியவர்கள், அதுதான் சாக்கு. அவர்கள் குடும்பத்தோடு ஒலிம்பஸ் என்ற மலைமேல் ஏறி அரண் கட்டினார்கள் (கிரேக்கத் தேவர்கள் வாழ்வதாகச் சொல்லும் மலை வேறு). ரோமானியர் கிட்டே போகாமல் தூரத்திலிருந்தே அம்பும் கவண்கல்லும் ஈட்டியும் எறிந்தார்கள். கலாத்தியர் வெற்றுடம்போடு நின்றார்கள், கேடயமோ குறுகல். வாளால் விழும் அகலமான வெட்டுக்காயத்தைப் பெருமையாக நினைக்கிறவர்கள், சின்ன அம்புமுனை உள்ளே தைத்து வெளியே வராமல் போனால் ஆத்திரத்திலும் அவமானத்திலும் தரையில் விழுந்து புரள்வார்கள் என்கிறார் லிவி. ஒரு போர்வீரனின் மானம் எந்த அளவுக் காயத்தில் இருக்கிறது என்பதை அந்த ஒரு வரி காட்டிவிடுகிறது.

இதே நூலில் மறைமுகச் செலவும் கண்ணுக்கு எதிரே கிடக்கிறது. ஒலிம்பஸில் செத்தவர்கள் எத்தனை பேர்? லிவிக்குக் கிடைத்த இரண்டு மூலங்களில் ஒன்று 40,000 என்கிறது, இன்னொன்று 10,000க்கு மேல் இல்லை என்கிறது. வேடிக்கை என்னவென்றால், 10,000 என்று குறைத்துச் சொன்ன வலேரியஸ் ஆன்டியாஸ்தான் வழக்கமாக எண்ணிக்கையை ஊதிப்பெருக்குகிறவர் என்று லிவியே போட்டுடைக்கிறார். நான்கு மடங்கு வித்தியாசம்! அது போக, செனட்டின் உத்தரவில்லாமல் நடத்திய போர் என்று சொல்லி மன்லியஸுக்கு வெற்றி ஊர்வலம் தரக் கூடாதென்று அவரோடு போன ரோமானியத் தூதர்கள் சிலரே எதிர்த்தார்கள். எதிரி எவ்வளவு பயங்கரமானவனோ அவ்வளவுக்கு ஊர்வலம் நியாயமாகும். கலாத்தியரைப் பூதாகரமாகக் காட்டுவதால் யாருக்கு லாபம் என்று கேட்டுக்கொண்டே படிக்க வேண்டியிருக்கிறது.

யானைக் கதையும் அப்படித்தான். அதே வம்சத்து முன்னோன் முதலாம் அந்தியோக்கஸ் 16 யானைகளை விட்டுக் கலாத்தியக் குதிரைகளை மிரளவைத்து ஜெயித்தான், "பதினாறு மிருகங்களால் தப்பித்தோமே" என்று வெட்கப்பட்டு வெற்றித்தூணில் யானை உருவத்தை மட்டும் பொறிக்கச் சொன்னான் என்பது கதை. சொல்கிறவர் லூசியன் என்ற கிரேக்க எழுத்தாளர், சம்பவம் நடந்து நானூறு வருடம் கழித்து. அந்த அந்தியோக்கஸின் அப்பா செலூக்கஸ், சந்திரகுப்த மௌரியரிடம் 500 யானை வாங்கியவர். அந்தியோக்கஸின் மகன் இரண்டாம் அந்தியோக்கஸ்தான் அசோகர் கல்வெட்டில் சோழர், பாண்டியரோடு சேர்ந்து 'அந்தியோக' என்று பெயர் வருகிறவர் என்பது பெரும்பாலோர் கருத்து. நம் பக்கத்துக்கும் கலாத்தியாவுக்கும் நடுவே எத்தனை கை தூரம் என்று கணக்குப் போட இது உதவும். கலாத்தியரைப் பற்றித் தெரிந்துகொள்ள உதவாது.

புளூட்டார்க் சொல்லும் கியோமரா கதையை மட்டும் விட்டுவிடாதீர்கள். அவள் ஒரு கலாத்தியத் தலைவரின் மனைவி, மன்லியஸின் போரில் சிறைபிடிக்கப்பட்டவள். தன்னைக் கெடுத்த ரோமானிய நூற்றுவர் தலைவன் பணயப்பணம் வாங்க வந்த இடத்தில், அவன் தலையை வெட்டவைத்து, அதைப் புடவை மடிபோல் ஆடையில் முடிந்து கொண்டுபோய்க் கணவன் காலடியில் போட்டவள். அவளை சர்தை நகரில் நேரில் பார்த்துப் பேசியதாக வரலாற்றாசிரியர் பொலிபியஸ் சொன்னார் என்கிறார் புளூட்டார்க். கலாத்தியர் ஒருவரிடம் ஒரு வரலாற்றாசிரியர் முகத்துக்கு முகம் பேசியதாக வரும் அபூர்வமான இடம் அது.

## இரண்டாம் வாசல்: சிலைகள்

இணையத்தில் 'கலாத்தியர்' என்று தேடினால் முதலில் வந்து நிற்பது சாகும் கலாத்தியன் சிலைதான். பெர்கமம் மன்னன் அட்டாலஸ் கி.மு. 230-களில் பெற்ற வெற்றிக்காக எழுப்பிய சிலைகளின் ரோமானியப் பளிங்குப் பிரதி, இப்போது ரோமில் கபிடோலின் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. பல காலம் அதைச் 'சாகும் கிளாடியேட்டர்' என்றுதான் அழைத்தார்கள். கழுத்தில் முறுக்கிய உலோக வளையம், மீசை, விறைத்து நிற்கும் முடி, உடம்பில் துணியில்லை. இதையெல்லாம் பார்த்துத்தான் கெல்ட் வீரன் என்று கண்டுகொண்டார்கள்.

காசு செலவில்லை, பார்த்ததும் மனசு உருகும். அதுதான் ஆபத்தும்கூட. இந்தச் சிலை வென்றவன் காசு கொடுத்துச் செய்வித்தது. தோற்றவனை இவ்வளவு கம்பீரமாக ஏன் செதுக்கவேண்டும்? கம்பீரமானவனை வீழ்த்தினேன் என்று சொல்லத்தான். வலப்பக்க விலாவில் காயத்தைப் பாருங்கள், சின்னதாக இருக்கும். லிவி சொன்ன அந்தச் சின்னக் காயத்தோடு சேர்த்துப் பார்க்கும்போது சிலை வேறு மாதிரி தெரிகிறது. தனியாகப் பார்த்தால் 'உன்னதக் காட்டுவீரன்' என்ற படம் ஒட்டிக்கொள்ளும், அப்புறம் அதைப் பிடுங்கி எறிவது கஷ்டம். கடைசியாகப் பார்க்க வேண்டியதை எல்லோரும் முதலில் பார்க்கிறோம்.

## மூன்றாம் வாசல்: மண்

அங்காராவுக்குத் தென்மேற்கே சுமார் 80 கி.மீ. தூரத்தில், பொலாட்லே பக்கத்தில் யாசிஹொயூக் கிராமம். அங்கேதான் கோர்டியன். பென்சில்வேனியா பல்கலைக்கழகம் 1950 முதல் தோண்டிவருகிறது, 2023இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. மீதாஸ் மேடு என்று அழைக்கப்படும் 53 மீட்டர் உயர மண்மேடு அங்கே இருக்கிறது. கலாத்தியர் வருவதற்கு நானூறு வருடம் முன்பே பிரிகியர் எழுப்பியது.

பிரச்சினை தொடங்குவது அங்கேதான். போகிறவர்கள் எல்லாம் பிரிகிய மன்னன் மீதாஸைப் பார்க்கப் போகிறார்கள். கலாத்தியர் வாழ்ந்த அடுக்கு ஊர் இருந்த இடத்தில், பிரிகியர் அடுக்குக்கு மேலே, சாதாரண வீடுகளாக, சட்டிகளாகக் கிடக்கிறது. அந்தச் சட்டிகளும் பெரும்பாலும் கிரேக்கப் பாணியிலோ உள்ளூர்ப் பாணியிலோ இருப்பவை. ஐரோப்பாவில் கெல்ட் மக்களை அடையாளம் காட்டும் ஊசிகளும் அணிகளும் இங்கே அள்ளக் கிடைக்கவில்லை. பானையை மட்டும் வைத்துப் பார்த்தால் கெல்ட் மக்கள் இங்கே வந்தார்களா என்றே சந்தேகம் வரும்.

ஆனால் கீழ்நகரில் கிடைத்த எலும்புகள் வேறு கதை சொல்கின்றன. கழுத்து நெரித்தும் முறித்தும் கொல்லப்பட்டவர்கள், வெட்டியெடுத்த தலைகள், மனித எலும்பும் விலங்கெலும்பும் கலந்து அடுக்கிய குவியல்கள். ஒரு மண்டையோட்டில் கம்பில் குத்தி நிறுத்தியதற்கான மரத்தடயம் இருந்தது. 2002இல் தொல்லியலாளர் மேரி வாய்ட்டும் அவருடன் வேலை செய்தவர்களும் இதை வெளியிட்டார்கள். ஐரோப்பியக் கெல்ட் சடங்குகளோடு இது ஒத்துப்போகிறது என்பது அவர்கள் வாசிப்பு. சாப்பிடும் தட்டில் கிரேக்கர், சடங்கில் கெல்ட். அடையாளம் எங்கே முதலில் கரைகிறது, எங்கே கடைசிவரை நிற்கிறது என்று இதைவிடத் தெளிவாகக் காட்டும் சான்று கலாத்தியாவில் எனக்குத் தெரிந்து இல்லை.

இந்த வாசலில் ஒரு சாட்சியை இன்னொரு சாட்சியோடு ஒத்துப்பார்க்க முடிகிறது, அது பெரிய லாபம். மன்லியஸ் வந்தபோது கோர்டியனில் ஆளே இல்லை, ஆனால் ஊர் நிறையச் சரக்கு இருந்தது என்கிறார் லிவி. தோண்டியவர்கள் கையில் அந்த வரியும் இருக்கிறது, அந்தக் கால அடுக்கும் இருக்கிறது.

செலவு அதிகம். அகழாய்வு அறிக்கைகள் ஆங்கிலத்தில், விலை கூடியவை, பொறுமை வேண்டும். நேரில் போனால் பொலாட்லே வரை ரயிலோ பஸ்ஸோ உண்டு, அங்கிருந்து வாடகைக் கார் பேசிக்கொள்ளுங்கள். அரை நாள் என்று நினைத்துப் போனால் ஒரு நாள் ஆகிவிடும். 'கலாத்தியர்' என்று எழுதிய பலகை முன் நிற்கப்போகும் நேரம் அதில் சில நிமிடம்தான்.

பெசினஸ் (இன்றைய பல்லிஹிசார்) இன்னொரு தெரிவு. தாய்த்தெய்வம் சிபெலேயின் புகழ்பெற்ற கோயில் நகரம், கி.மு. 204இல் ரோமானியர் அவளுடைய கருங்கல்லைக் கேட்டு வாங்கிக்கொண்டு போன இடம். இந்தக் கோயிலைச் சேர்ந்த அரச கடிதங்களில் கோயில் பூசாரி அத்திஸுக்கு அயொயோரிக்ஸ் என்று ஒரு சகோதரன் வருகிறான். ஒருவன் பெயர் பிரிகியத் தெய்வத்தினுடையது, இன்னொருவன் பெயர் கெல்ட். மற்றபடி நிபுணர் துணையில்லாமல் போனால் இடிபாடும் வயலும்தான்.

## நான்காம் வாசல்: நிருபம்

தமிழ்க் கிறிஸ்தவர்களுக்கு 'கலாத்தியர்' என்ற சொல் காதில் விழுவதே இந்த வழியாகத்தான். "புத்தியில்லாத கலாத்தியரே" என்ற வரி வீட்டிலேயே புழங்கும், பிள்ளைகளைத் திட்டக்கூட. ஆகவே இங்கிருந்து வரலாற்றுக்குள் நுழைவது இயல்பு. ஆனால் வாசலிலேயே வழி இரண்டாகப் பிரிகிறது.

பவுல் யாருக்கு எழுதினார்? வடக்குக் கலாத்தியா என்கிறவர்கள், அங்காரா, பெசினஸ் பக்கமிருந்த கெல்ட் வம்சத்தாருக்கு என்கிறார்கள். அப்போஸ்தலர் 16, 18 அதிகாரங்களில் பவுல் பிரிகியா, கலாத்தியா வழியாகப் போனதாக வருவது அவர்கள் சான்று. 19ஆம் நூற்றாண்டின் ஆங்கிலேய வேத அறிஞர் லைட்ஃபுட் இந்தப் பக்கம் நின்றவர். தெற்கு என்கிறவர்கள், ரோமானிய மாகாணமான கலாத்தியா தெற்கே ரொம்ப தூரம் நீண்டிருந்தது, பவுலும் பர்னபாவும் சபை நிறுவிய பிசீதியாவின் அந்தியோகியா, இக்கோனியா, லீஸ்திரா, தெர்பை நான்கும் அந்த மாகாணத்தில்தான் இருந்தன, அவர்களுக்குத்தான் கடிதம் என்கிறார்கள். அனத்தோலியாவை, அதாவது துருக்கியின் ஆசியப் பகுதியை, ஊர் ஊராகச் சுற்றி ஆராய்ந்த வில்லியம் ராம்சே இந்தப் பக்கத்தின் பெரிய குரல். தெற்கு சரியென்றால் கடிதத்தைக் கி.பி. 48-49 வரை முன்னே கொண்டுபோகலாம். வடக்கு என்றால் 50-களுக்குத் தள்ளவேண்டும்.

என் சாய்வு தெற்குப் பக்கம். பவுல் சபை நிறுவியதாக ஊர்ப்பெயரோடு பதிவு இருப்பது அங்கேதான். கடிதத்தில் பர்னபாவை அறிமுகமே இல்லாமல் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறார், பர்னபா அவரோடு போனதும் தெற்கே. வடக்குக்காரர்கள் வாதத்தையும் ஒதுக்கிவிட முடியாது: லீஸ்திரா ஜனங்கள் லிக்கவோனியா மொழி பேசியவர்கள், அவர்களைப் பார்த்துக் 'கலாத்தியரே' என்று ஒருவர் கூப்பிடுவாரா? மாகாணப் பெயர் சொல்லி எல்லோரையும் ஒன்றாகக் கூப்பிட வேறு வழி என்ன இருந்தது என்று தெற்குக்காரர்கள் திருப்பிக் கேட்பார்கள்.

இதில் ஒளிந்திருக்கும் செலவு பெரியது. தெற்கு சரியென்றால், கடிதம் வாங்கியவர்களில் கெல்ட் வம்சத்தார் ஒருவர்கூட இல்லாமல் போகலாம். அப்போது "கெல்ட் இனத்தாருக்குச் சலனபுத்தி, அதனால்தான் சுவிசேஷத்தை விட்டு இவ்வளவு சீக்கிரம் விலகினார்கள்" என்று பிரசங்கத்தில் வரும் விளக்கம் அடியோடு சரிந்துவிடும். பழைய விளக்கவுரைகளில் வந்த இந்தக் கருத்து இன்னும் நோட்ஸ்களில் சுற்றுகிறது. வடக்கு சரியென்றாலும் அதற்கு மதிப்பில்லை. சீசர் தன் எதிரிகளான 'கால்' (Gaul, இன்றைய பிரான்ஸ் பகுதி) நாட்டுக் கெல்ட் மக்களைப் பற்றி எழுதிய வசையை, ஆயிரக்கணக்கான கி.மீ. தள்ளி, மூன்று நூற்றாண்டு வேறு மண்ணில் வாழ்ந்தவர்கள் தலையில் கட்டுவது அது.

## ஒரே பார்வையில்

| வாசல் | யார் பேசுகிறார்கள் | எந்தக் காலம் தெரியும் | செலவு | தங்கிப்போகும் தப்பான படம் |
|---|---|---|---|---|
| எழுத்தாளர்கள் | வென்றவர்களும் அவர்கள் நண்பர்களும் | கி.மு. 278 முதல் 25 வரை, விட்டுவிட்டு | ஒரு வாரக்கடைசி | சண்டைக்காரக் கூட்டம் |
| சிலைகள் | பெர்கமம் அரசவை | ஒரே ஒரு வெற்றி | ஒன்றுமில்லை | உன்னதக் காட்டுவீரன் |
| மண் | யாரும் பேசுவதில்லை, எலும்பும் சட்டியும் | கி.மு. 3, 2ஆம் நூற்றாண்டுகள் | அதிகம் | மீதாஸின் ஊரில் வந்து தங்கியவர்கள் |
| நிருபம் | பவுல் | கி.பி. 50க்கு முன்பின் | வீட்டிலேயே இருக்கிறது | சலனபுத்திக்காரர்கள் |
| அங்காராச் சுவர் | ரோமும், கொஞ்சம் கலாத்தியரும் | கி.பி. முதல் நூற்றாண்டு | ஒரு மணி நேர நடை | ரோமாகிப் போனவர்கள் |

## கடைசி வரிசையில் உள்ள அந்தச் சுவர்

அங்காராவின் பழைய பகுதியில் ஹாஜி பைராம் பள்ளிவாசலை ஒட்டி, கூரையில்லாமல், இரும்புத் தாங்கல்களோடு நிற்கிறது அகஸ்டஸ்-ரோமா கோயில். வேலிக்கு வெளியே நின்றுதான் நான் பார்த்தேன். தொழுகைக்கு வருகிறவர்கள் பின்னால் போய்க்கொண்டிருந்தார்கள். அகஸ்டஸ் தன் சாதனைகளைத் தானே சொல்லும் நீண்ட கல்வெட்டு, லத்தீனிலும் கிரேக்கத்திலும், மிக முழுமையாகக் கிடைத்திருப்பது இந்தச் சுவர்களில்தான். அதே கல்வெட்டின் லத்தீன் பிரதி துண்டுதுண்டாகப் பிசீதியா அந்தியோகியாவிலும் கிடைத்தது. பவுல் பிரசங்கித்த நகரத்துக்காரர்களுக்கும் அங்காராக்காரர்களுக்கும் ஒரே மாகாண நிர்வாகம் என்று சொல்லும் சாட்சியாக அதை எடுத்துக்கொள்ளலாம்.

நான் பார்க்கப் போனது அகஸ்டஸை இல்லை. அதே கோயிலில் பூசாரிகளின் பட்டியல் ஒன்று கிரேக்கத்தில் வெட்டப்பட்டிருக்கிறது. ஒவ்வொரு பெயருக்கும் கீழே அவர் ஊருக்குச் செய்த தர்மம்: விருந்து, கிளாடியேட்டர் சண்டை, எண்ணெய் வழங்கியது. அதில் மன்னர் அமிந்தாஸின் மகன் பிலைமெனிஸ் வருகிறார். அத்தெபோரிக்ஸின் மகன் அல்பியோரிக்ஸ் வருகிறார். 'ரிக்ஸ்' என்றால் கெல்ட் மொழியில் அரசன். சமஸ்கிருத 'ராஜா'வும் அதே வேரிலிருந்து வந்ததுதான். ரோமானியச் சக்கரவர்த்தியைத் தெய்வமாக வைத்த கோயிலில், கிரேக்க எழுத்தில், கெல்ட் பெயரோடு ஒரு பூசாரி. கலாத்தியர் ஆட்சி போயிருந்தது, பெயர் போகவில்லை.

மொழியும் உடனே போய்விடவில்லை. நான்காம் நூற்றாண்டில் வேத அறிஞர் ஜெரோம், கலாத்தியர் கிரேக்கத்தோடு தங்களுக்கென ஒரு மொழியும் பேசுகிறார்கள், அது இன்றைய ஜெர்மனியில் உள்ள ட்ரியர் பகுதி மக்களுடைய மொழியைப் பெரும்பாலும் ஒத்தது என்று எழுதினார். ட்ரியரில் இருந்துவிட்டு வந்தவர் அவர். சொந்தக் காதால் கேட்டாரா, யாரோ எழுதியதைச் சொன்னாரா என்று ஆய்வாளர்கள் இன்னும் சண்டை போடுகிறார்கள்.

## சரி, யாருக்கு எது?

வேதபாடம் எடுப்பவரே, லிவியை இப்போதைக்கு மூடிவையுங்கள். ஸ்ட்ராபோவின் அந்த இரண்டு பக்கம், கி.மு. 25இல் மாகாணம் உருவான கதை, வடக்கு-தெற்கு வாதம், இவை போதும். வகுப்பில் "கலாத்தியர் கெல்ட் இனத்தார்" என்று ஒரே வரியில் முடிக்காதீர்கள். "கலாத்தியா என்ற பெயர் கெல்ட் மக்களால் வந்தது, கடிதம் வாங்கியவர்கள் அவர்களாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை" என்று சொல்லுங்கள்.

பயணம் போகிறவருக்கு: நிருபத்தின் பொருட்டுப் போவதானால், தெற்குக் கருத்தை ஏற்கிறவருக்கு அங்காரா சரியான ஊரே இல்லை. கோன்யா (பழைய இக்கோனியா) அல்லது யால்வாச் (பிசீதியா அந்தியோகியா) போங்கள். கெல்ட் மக்களின் பொருட்டு என்றால் அங்காராவில் காலையில் அந்தக் கோயில், அப்புறம் அனத்தோலிய நாகரிகங்கள் அருங்காட்சியகம், ஒரு நாளுக்கு அது போதும். கோர்டியனை இரண்டாவது நாள் இருந்தால் மட்டும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஒரே நாளில் இரண்டையும் திணித்தால் பார்த்ததைவிட வண்டியில் உட்கார்ந்ததுதான் மிஞ்சும்.

தூக்கம் போன மூன்றாமவருக்குத்தான் நான் வரிசை சொல்ல முடியும்: முதலில் ஸ்ட்ராபோ, அடுத்து லிவி, உடனே கையோடு கோர்டியன் எலும்புகள், பிறகு அங்காராச் சுவர், கடைசியாகச் சிலை. லிவியைப் படித்து ஒரு மாதம் விட்டுவிட்டால் அவர் சொன்ன ஆள்கள் மனதில் இறுகிவிடுவார்கள், எலும்பு அதை அசைக்காது. மொழியில் ஆசை இருந்தால் கிரேக்கப் பயண எழுத்தாளர் பௌசானியஸ் டெல்ஃபிப் படையெடுப்பைச் சொல்லும் இடத்தில் ஒரு கெல்ட் சொல்லைத் தருகிறார்: குதிரைக்கு 'மார்க்கா'. வேல்ஸ் மொழியில் இன்றைக்கும் குதிரைக்கு 'மார்ஹ்' என்று ஒரு சொல் இருக்கிறது.